ஒரு டிஎல்எல் கோப்பைத் தேடி ஐந்து வருசம்

கணினி திருத்துகிறவனுக்கும் வைத்தியருக்கும் ஒரு வித்தியாசம்தான்: வைத்தியரிடம் வருகிறவர் "நான் ஒண்டும் செய்யல்ல, தானாத்தான் இப்படி ஆச்சு" என்று கற்பூரத்தில் அடித்துச் சத்தியம் செய்வதில்லை.

ஆரையம்பதிப் பிரதான வீதியில் ஒரு சலூனுக்கும் ஒரு பலசரக்குக் கடைக்கும் நடுவில் என் கடை. ஒரு மேசை, இரண்டு கதிரை, திறந்தபடி கிடக்கும் ஆறேழு பெட்டிகள். இந்தக் கடைக்கு வருமானம் தந்தது பெரும்பாலும் ஒரேயொரு அறிவித்தல்: "இன்ன டிஎல்எல் கோப்பைக் காணவில்லை." நீங்களும் பார்த்திருப்பீர்கள். ஓகேயை அழுத்தினால் போய்விட்டுத் திரும்பி வரும். திரும்ப அழுத்தினால் திரும்ப வரும். அணைத்துப் போட்டுப் பார்த்திருப்பீர்கள். பெட்டியின் தலையில் ஒரு தட்டும் தட்டியிருப்பீர்கள். வெட்கப்பட வேண்டாம், நானும் தட்டியவன்தான்.

டிஎல்எல் என்றால் என்ன என்று கேட்பவர்களுக்கு எங்கள் ஊர் மரண உதவிச் சங்கத்தின் பிளாஸ்டிக் கதிரைகளைக் காட்டுவேன். கல்யாண வீடு, செத்த வீடு, கோயில் கூட்டம் எல்லாவற்றுக்கும் அதே கதிரைகள்தான். வீட்டுக்கு வீடு நூறு கதிரை வாங்கி அடுக்க யாருக்கும் இடமில்லை. கணினிக்குள்ளும் அப்படித்தான். பல மென்பொருள்களுக்கும் தேவைப்படுகிற வேலையை ஒரு பொதுக் கோப்பில் வைத்திருப்பார்கள். தேவையானபோது எல்லாம் வந்து அதைப் பாவிக்கும். ஒரு வீட்டுக்காரர் தன் வைபவம் முடிந்ததென்று சங்கத்துக் கதிரைகளைக் கொளுத்திவிட்டால் அடுத்த வீட்டில் என்ன நடக்குமோ, அதுதான் "காணவில்லை" என்று திரையில் வருகிறது. கொளுத்தியவன் யார் என்பதை இனிச் சொல்கிறேன்.

எல்லாவற்றுக்கும் ஆம்

பெரியகல்லாற்றில் கடற்கரைப் பக்கமாக ஸ்டூடியோ வைத்திருந்தவர் மயில்வாகனம் அண்ணன். சுனாமிக்கு முந்திய வியாழக்கிழமை, தன் கணினிப் பெட்டியை பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்து என் மேசையில் இறக்கினார். ஆமை மாதிரி ஊர்கிறது, திருத்தித் தாருங்கள் என்றார். அதில் கொழும்பு நடைபாதையில் வாங்கிய ஒரே சீடியிலிருந்து ஏற்றிய இரண்டு மென்பொருள்கள் இருந்தன. ஒன்று அல்பம் செய்வது, மற்றது கலண்டர் செய்வது. இரண்டையும் திறந்தால் முதலில் அவற்றைச் செய்த நிறுவனத்தின் சின்னமான ஒரு பச்சைக் கிளி வரும். காசு கட்டாத பிரதி என்பதால், அச்சடிக்கும் ஒவ்வொரு தாளின் அடியிலும் அந்தக் கிளி வந்து குந்தும். அண்ணன் அல்பத்துக்குள் படங்களை அடுக்கிய கையோடு மூலப் படங்களை அழித்துவிடுவார். வன்வட்டில் இடம் காணாது. பிறகு அந்தப் படங்களை அல்பத்தால் மட்டும்தான் திறக்கலாம்.

கலண்டர் வருசத்துக்கு ஒருமுறைதானே என்று அதை நீக்கினேன். நீக்கும்போது கணினி மிக மரியாதையாகக் கேட்டது: "இது பொதுவாகப் பாவிக்கும் கோப்பு. இப்போது இதை யாரும் பாவிப்பதாகத் தெரியவில்லை. நீக்கவா?" பக்கத்திலேயே 'எல்லாவற்றுக்கும் ஆம்' என்று ஒரு பொத்தான். மெசினுக்கே தெரியாவிட்டால் எனக்கெங்கே தெரியப் போகிறது என்று அதை அழுத்தினேன். பெட்டி நன்றாக ஓடத் தொடங்கியது. அல்பத்தைத் திறந்து பார்க்க வேண்டும் என்ற எண்ணம் வரவில்லை. அண்ணனுக்குத் தொலைபேசி எடுத்து, எல்லாம் சரி, ஒன்றும் அழியவில்லை, சனிக்கிழமை கொண்டுவந்து தருகிறேன் என்றேன். அவர் சொன்னார்: "அழியல்ல எண்டு நீங்க சொன்னாக் காணும் தம்பி. மறுகா நான் என்னத்துக்குத் திறந்து பார்க்கிற?"

சனிக்கிழமை என்றது

சனிக்கிழமை நான் போகவில்லை. வேகத்தைச் சோதிக்கிறேன் என்ற சாட்டில் அந்தப் பெட்டியில் ஒரு கிரிக்கெட் விளையாட்டை ஏற்றி, பகல் முழுவதும் துடுப்பெடுத்தாடினேன். திங்கள் கொண்டுபோனால் போகிறது என்று விட்டுவிட்டேன். ஞாயிறு காலை கடல் வந்தது.

அந்த நாளைப் பற்றி இங்கே அதிகம் எழுத எனக்கு மனமில்லை. எங்கள் கரையில் இருந்த எல்லாரிடமும் ஒரு கதை இருக்கிறது. என்னுடையது அவற்றில் சின்னது. நான்காம் நாள் மயில்வாகனம் அண்ணன் யாருடையதோ ஒரு சட்டையைப் போட்டுக்கொண்டு கடைக்கு நடந்து வந்தார். வீட்டார் தப்பிவிட்டார்கள். ஸ்டூடியோ நின்ற இடத்தில் சீமெந்துத் தரை மட்டும் இருந்தது. கமரா, நெகட்டிவ்கள், சீடிகள், கண்ணாடிச் சட்டம் போட்ட படங்கள், ஒன்றும் மிச்சமில்லை. என் மேசையில் இருந்த தன் பெட்டியைக் கண்டதும் இரண்டு கையாலும் தடவிப் பார்த்தார். பிறகு சொன்னார்: "சொன்ன நாளுக்குச் சாமான் தராத ஆள் எண்டு உங்கள எத்தின பேரிட்ட ஏசியிருப்பன். இண்டைக்குத்தான் தம்பி அதுக்குச் சந்தோசப்படுறன்."

திறக்காத அல்பம்

அவரை இருத்தி, தேத்தண்ணி கொடுத்து, பெட்டியைப் போட்டு அல்பத்தைத் திறந்தேன். கிளி வரவில்லை. "காணவில்லை" வந்தது. பன்னிரண்டு எழுத்தில் ஒரு கோப்பின் பெயர். வியாழக்கிழமை நான் 'ஆம்' சொன்ன பெயர் அது. அழித்ததை மீட்கிற மென்பொருள் ஒன்றை ஓட்டினேன். அந்தக் கோப்பு இருந்த இடத்தில் என் கிரிக்கெட் விளையாட்டு கால் நீட்டிப் படுத்திருந்தது. சீடியைக் கொண்டுவாருங்கள், மறுபடி ஏற்றலாம் என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன். அண்ணன் கடல் பக்கம் பார்த்தார்.

நிவாரண நிறுவனம் ஒன்று அவருக்குப் புதுக் கணினி கொடுத்தது. பழைய வன்வட்டைக் கழற்றி ஒரு பிஸ்கட் டின்னில் வைத்து நான் பொறுப்பெடுத்தேன். அதற்குள் பூட்டுப்பட்டுக் கிடந்தவை பல வீட்டு விசேசங்கள். அவற்றில் ஒன்றுக்காகத் தேவகி அக்கா என்னைத் தேடி வந்தார். பெரியகல்லாற்றில் கருவாடு விற்பவர். ஒரே மகள் தர்சினி. பிள்ளை பெரிய மனுசியானதுக்குக் கார்த்திகை மாதம் சாமத்திய வீடு செய்து, அல்பம் கைக்கு வருமுன் பிள்ளையைக் கடல் கொண்டுபோனது. வீட்டிலிருந்த படங்களும் போயின.

அக்காவுக்கு ஒரு கேள்வி இருந்தது. பிள்ளை பச்சைச் சேலை கேட்டதாம். அவர் சிவப்பு வாங்கியிருக்கிறார். தண்ணி வார்க்கிற நேரத்தில் வாக்குவாதம் முற்றி, கையில் ஒரு கிள்ளு. அன்று முழுக்கப் பிள்ளை முகம் கொடுக்கவில்லை. விறைத்த குரலில் அதைச் சொல்லிவிட்டுக் கேட்டார்: "படம் எடுக்கக்குள்ள நான் அடுப்படியில நிண்டுட்டன். ஒரு படத்திலயாவது சிரிச்சிருக்காளா எண்டு பார்த்துச் சொல்லுறயளா தம்பி?"

ஹாஜியாரின் இரவல்

கொழும்பு நடைபாதையில் அந்தச் சீடி பிறகு கிடைக்கவில்லை. ஆனால் அல்பத்தைச் செய்த நிறுவனத்தின் எந்த மென்பொருள் இருந்தாலும் அதனோடு அந்தப் பொதுக் கோப்பும் இருக்கும். ஆகவே கிளியைத் தேடினால் கோப்பு கிடைக்கும். காத்தான்குடியில் கல்யாணக் காட் அச்சடிக்கும் ஹாஜியார் ஒருவரின் கடையில் கிளி இருந்தது. விசயத்தைக் கேட்டதும், மௌத்தாய்ப் போனவர்களின் படங்கள் என்றால் உடனே எடுத்துக்கொண்டு போங்கள் என்றார். நான் கோப்பைப் பிளொப்பியில் பிரதி எடுத்தேன். ஹாஜியார் அதைக் கையில் வாங்கி, முன்னும் பின்னும் பார்த்து, ஒரு கடித உறையில் போட்டு, உறைமேல் என் பெயரை எழுதினார். வெள்ளிக்கிழமை ஜும்மாவுக்கு முன் திருப்பிக் கொடுக்க வேண்டுமாம். அவருடையது அவரிடமே இருக்கிறது, நான் எடுத்தது பிரதி என்று எவ்வளவோ சொன்னேன். இரவல் வாங்குகிறவர்கள் எல்லாரும் இப்படித்தான் கதைப்பார்கள் என்று சிரித்தார்.

கோப்பைப் போட்டதும் "காணவில்லை" மறைந்தது. புதிதாக ஒன்று வந்தது: கோப்பு இருக்கிறதாம், ஆனால் அல்பம் தேடுகிற வேலை அதற்குள் இல்லையாம். ஹாஜியாருடையது புதிய பதிப்பு. பெயர் அதேதான், உள்ளே ஆள் வேறு. வெள்ளிக்கிழமை பிளொப்பியைக் கொண்டுபோய்க் கொடுத்து, சரிவரவில்லை என்றேன். அவர் உறையைப் பிரித்துப் பார்த்து, மேசை லாச்சியில் வைத்துப் பூட்டிவிட்டுச் சொன்னார்: "சொன்ன நேரத்துக்குத் திருப்பித் தந்திட்டீங்க. இனி என்ன பைல் வேணுமெண்டாலும் வாங்க தம்பி, கூச்சப்படாதீங்க."

வந்தாறுமூலைப் பட்டதாரி

வந்தாறுமூலைப் பல்கலைக்கழக வளாகத்தில் கணினி படித்து முடித்த ஒருவர், இணையத்தில் இல்லாத டிஎல்எல் உலகத்திலேயே இல்லை என்று எனக்குத் தைரியம் சொன்னார். இருவரும் ஒரு நெற் கபேயில் பகல் முழுக்க இருந்து, அதே பெயரில் ஒன்பது கோப்புகளை இறக்கினோம். ஐந்து வேறு பதிப்பு. மூன்று வெறும் பெயர் மட்டும், உள்ளே ஒன்றுமில்லை. ஒன்பதாவது வைரஸ். அது கபேயின் எல்லாக் கணினிகளையும் வரிசையாகப் படுக்கப் போட்டது. அடுத்த வாரம் முழுவதும் நான் அங்கே சம்பளமில்லாமல் வேலை செய்தேன். பட்டதாரி தோளில் கை வைத்து ஆறுதல் சொன்னார்: "ஒரு விசயம் உறுதியாயிட்டு அண்ணன், நீங்க தேடுறது இதில ஒண்டும் இல்ல."

உண்மையைச் சொன்ன நாள்

மாதம் ஒருமுறையாவது தேவகி அக்கா கருவாட்டுக் கூடையோடு கடைக்கு வருவார். "என்ன தம்பி, கிளி வந்திட்டா?" என்று கேட்பார். நான் இல்லை என்பேன். அக்கா இந்த ஊரில் என்னைப் பற்றி நல்ல விதமாகப் பேசித் திரிந்தார். கடல் கொண்டுபோன படத்துக்காக ஒரு பிள்ளை இவ்வளவு பாடுபடுகிறதே என்று. அதைக் கேட்கக் கேட்க எனக்குச் சோறு இறங்கவில்லை. இரண்டாம் வருசம் ஒரு நாள் சொல்லிவிட்டேன். கடல் அல்ல அக்கா, நான்தான். பெட்டி கேட்டது, நான் பாராமல் ஆம் என்றேன். பிறகு அதன் மேல் விளையாட்டும் ஏற்றினேன்.

அக்கா கூடையைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு போய்விட்டார். இரண்டு மாதம் வரவில்லை. அந்த இரண்டு மாதமும் வாசலில் யார் நிழல் விழுந்தாலும் நிமிர்ந்து பார்த்தேன். பிறகு ஒரு காலை வந்து, கடைக் கதிரையில் குந்தி, தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுச் சொன்னார்: "யோசிச்சுப் பார்த்தன். அழிச்ச ஆள் நீங்க எண்டா, தேடிக் களைக்கவும் மாட்டீங்க. வேற ஆளிட்டக் குடுத்தா எப்பவோ கைவிட்டிருப்பான்."

ஆற்றுக்கு அங்கால

பிறகு மறுபடி சண்டை மூண்டது. ஆற்றுக்கு மேற்கே இருக்கும் படுவான்கரைச் சனம் மூட்டை முடிச்சோடு எங்கள் பக்கம் வந்து, ஓய்ந்ததும் திரும்பிப் போனது. கடைசியில் நாட்டில் எல்லாப் பக்கமும் சண்டை முடிந்தது. பாதை தடையில்லாமல் ஓடத் தொடங்கியது. பாதை என்று நாங்கள் சொல்வது, ஆட்களையும் சைக்கிள்களையும் ஆற்றுக்கு அக்கரை ஏற்றும் மிதவையை. தேவகி அக்கா அதில் ஏறிப்போய், கருவாட்டைக் கொடுத்து நெல் மாற்றிவரத் தொடங்கினார். ஒரு நாள் கூடையை இறக்கிவைக்க முன்னமே, படுவான்கரையில் ஒரு வீட்டுச் சுவரில் பழைய கலண்டர் கிடக்கிறது, அதன் அடியில் எங்கள் கிளி குந்தியிருக்கிறது என்றார். எழுத்து அவருக்கு அவ்வளவு வராது. நான் கடுதாசியில் கீறிக் காட்டியிருந்த கிளியை ஐந்து வருசமாக மனதில் வைத்திருக்கிறார்.

மறுநாள் காலை ஒரு இரவல் மடிக்கணினியையும் வயர்களையும் எடுத்துக்கொண்டு, குருக்கள்மடத்தில் பாதை ஏறி, அம்பிளாந்துறையில் இறங்கி, அங்கிருந்து அக்கா சொன்ன வழியில் நடந்தேன். அது வட்டவிதானையாரின் வீடு. வட்டை என்கிற வயல்வெளிக்கு எப்போது தண்ணீர் திறப்பது, யார் வயலுக்கு எந்த முறை என்று பார்ப்பவர். மறுபடி சண்டை மூளமுன் இருந்த சமாதான காலத்தில் விவசாயிகள் சங்கத்துக்கு யாரோ கொடுத்த கணினியில் அவர் ஒரேயொரு வருசம் கலண்டர் அடித்திருந்தார். விதைப்பு நாள், தண்ணீர் நாள் எல்லாம் குறித்து. அந்தக் கணினி எங்கே என்றேன். நெல் மூட்டைகளுக்கு நடுவில் சாக்குப் போட்டு மூடியிருந்ததைக் காட்டினார். திறந்தேன். உள்ளே உமி, எலிக்கூடு, கடித்துத் துண்டான வயர்கள். வன்வட்டைக் கழற்றி மடிக்கணினியில் பொருத்தினேன். சுற்றியது. கோப்பு இருந்தது, பழைய பதிப்பு, அதே பதிப்பு. இவ்வளவு காலம் ஒருவரும் இதைப் புதுப்பிக்காமல், துப்புரவாக்காமல் எப்படி விட்டீர்கள் என்று கேட்டேன். வட்டவிதானையார் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்: "மூண்டுதரம் ஊர விட்டு ஓடினம் தம்பி. இதத் தட்டிக்கொண்டிரிக்க இஞ்ச ஆருக்கு நேரம்?"

துறையில் நின்ற சிப்பாய்

திரும்பிப் பாதையால் இறங்கும்போது துறையில் நின்ற சிப்பாய் பையைத் திறக்கச் சொன்னார். மடிக்கணினி, வயர், பென் டிரைவ், வட்டவிதானையார் வீட்டில் தந்துவிட்ட ஒரு பூசணிக்காய். பென் டிரைவில் என்ன என்றார். ஒரு கோப்பு என்றேன். இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்கு ஒரேயொரு கோப்புக்காகப் போய்வந்தாயா என்று கேட்டார். எனக்குத் தெரிந்த சிங்களத்தில் டிஎல்எல்லை விளக்கினேன். அவர் முகம் மாறவில்லை. சரி, இன்றைக்கு இங்கேதான் என்று நினைத்தேன். அவர் குரலைத் தாழ்த்தி, தனக்குத் தெரிந்த தமிழில் கேட்டார்: "எங்க வீட்டு கொம்பியூட்டரும் அதுதான் இல்லை சொல்றது. மருந்து இருக்கா தம்பி?"

நாற்பத்தாறு படங்கள்

மயில்வாகனம் அண்ணன் இப்போது கடற்கரையை விட்டு, பெரியகல்லாற்றுப் பிரதான வீதியில் ஸ்டூடியோ வைத்திருந்தார். பிஸ்கட் டின்னோடு அங்கே போனேன். தேவகி அக்கா கூடை இல்லாமல், தலை வாரிக் கட்டிக்கொண்டு வந்திருந்தார். பழைய வன்வட்டைப் பொருத்தி, கோப்பை அதன் இடத்தில் வைத்து, அல்பத்தை அழுத்தினேன். கிளி வந்தது.

தர்சினியின் அல்பத்தில் நாற்பத்தாறு படங்கள். முதல் படத்தில் சிவப்புச் சேலை, முகம் ஒரு முழத்துக்கு நீண்டிருந்தது. இரண்டாவதில் தாய்மாமனோடு, அதே முகம். ஆலாத்தி எடுக்கும் பெண்களுக்கு நடுவில், கூரையைப் பார்த்தபடி. பலகாரத் தட்டுகளுக்கு முன்னால், வாயை இறுக்கிக்கொண்டு. ஒவ்வொன்றாக நான் தட்டத் தட்ட அக்கா திரையை நெருங்கி வந்தார். இருபது, முப்பது, நாற்பது. அடுத்ததிலாவது சிரித்துவிடு பிள்ளை என்று நான் உள்ளுக்குள் கெஞ்சிக்கொண்டிருந்தேன். நாற்பத்தாறாவதிலும் அவள் சிரிக்கவில்லை. எனக்கு அக்காவின் முகத்தைப் பார்க்கப் பயமாக இருந்தது.

மயில்வாகனம் அண்ணனுக்கும் தாங்கவில்லை. இப்போதைய மென்பொருளில் எல்லாம் செய்யலாம், உதட்டின் ஓரத்தைக் கொஞ்சம் தூக்கிவிட்டால் நல்ல சிரிப்பாக வரும், சேலையைக்கூடப் பச்சையாக்கித் தருகிறேன் என்றார். அப்போதுதான் அக்காவைப் பார்த்தேன். கண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது, ஆனால் அவர் சிரித்துக்கொண்டிருந்தார். விரலால் திரையில் அந்த நீண்ட முகத்தைத் தொட்டுக்கொண்டு சொன்னார்: "வேணாம் அண்ணன். ஊரில வேற ஆரோடயும் இல்ல, என்னோட கோவிச்சுக்கொண்டு நிக்கிறாள். அது எனக்கு உரிய கோவம், அதில ஆரும் கை வைக்காதீங்க."

தான் அழித்ததைத் தானே ஐந்து வருசம் அலைந்து தேடிக் கொண்டுவந்து, அதற்குக் கூலியாகத் தேவகி அக்காவிடம் ஒரு கடுதாசிச் சுருள் நெத்தலிக் கருவாட்டையும் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிறவனைத்தான் எங்கள் பக்கத்தில் கெட்டிக்காரக் கணினி திருத்துநர் என்று சொல்கிறார்கள்.